எந்தத் தோட்டம், யார் மகன்?

மலேசியாவில், பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் எங்கள் அச்சுக்கடைக்கு ஆடி பிறந்துவிட்டால் கோயில் நோட்டீஸ் வேலைதான். தோட்டங்கள் துண்டாகிக் கைமாறிவிட்டன, தொழிலாளர் லயங்கள் பல இடிந்துவிட்டன, சனம் தாமான் குடியிருப்பு வீடுகளுக்கு வந்துவிட்டது. ஆனாலும் திருவிழா மட்டும் அந்தந்தத் தோட்டத்துப் பெயரில்தான் நடக்கும். போன ஆடியில் ஒரு கோயில் செயலாளர் பென்டிரைவோடு வந்தார். உள்ளே பழைய நோட்டீஸ் ஒன்று. உபயக்காரர் பட்டியல் முழுவதும் அதில்தான் இருக்கிறதாம். திறந்தால் தமிழைக் காணோம். ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாகக் கொட்டிக் கிடந்தது. எந்தக் கணினியிலும் தமிழைத் தமிழாகவே காட்டும் யூனிகோடு முறை பரவுவதற்கு முன்பு புழங்கிய எழுத்துருவில் அடித்த நோட்டீஸ் அது. அந்த எழுத்துரு கணினியில் இல்லாவிட்டால் அப்படித்தான் தெரியும்.

அவர் மகன் வீட்டிலேயே தேடி ஒரு தளத்தைப் பிடித்திருந்தான். பச்சையில் பெரிய டவுன்லோட் பொத்தான், நூறு விழுக்காடு பாதுகாப்பானது என்று ஒரு முத்திரை, ஐந்து நட்சத்திரம். இறக்கிய ஃபைலும் பென்டிரைவிலேயே இருந்தது. நல்ல வேளை, யாரும் அதைத் திறக்கவில்லை. "தம்பி, இந்த சைட்டு நல்ல சைட்டா? கொஞ்சம் பாத்துச் சொல்லுப்பா" என்றார்.

கடைக்கு வருகிறவர்கள் எல்லாருமே இப்படித்தான் கேட்கிறார்கள். இந்தக் கேள்வியை வைத்துக்கொண்டு ஒரு முடிவுக்கும் வர முடியாது. தளத்தைப் பார்த்தால் தெரிவதெல்லாம் அதைக் கட்டியவர் காட்ட நினைத்ததுதான். முத்திரையும் நட்சத்திரமும் படங்கள். யார் வேண்டுமானாலும் ஒட்டிக்கொள்ளலாம்.

அந்தக் காலத்தில் தோட்டத்துக்குள் முன்பின் தெரியாத ஆள் நுழைந்தால் பெரியவர்கள் அவன் சட்டையைப் பார்த்து முடிவு செய்ததில்லை. "எந்தத் தோட்டம்? யாரு மவன்? யாரைப் பாக்க வந்தே? யாரு அனுப்புனா?" என்று கேட்பார்கள். இந்தக் கேள்விகளுக்கு ஒரு குணம் உண்டு. பதிலை அவன் வாயிலிருந்து மட்டும் வாங்க வேண்டியதில்லை. கணக்கு எழுதும் கிராணியிடம் கேட்கலாம், வேலை வாங்கும் மண்டோரிடம் கேட்கலாம், அவன் சொன்ன தோட்டத்துக்கே ஆள் அனுப்பலாம். மென்பொருளுக்கும் இதேதான். இதைச் செய்தது யார், அவர் தன் பொருளை வைத்திருக்கும் இடம் இதுதானா, என்னை இங்கே கூட்டிவந்தது யார், வந்த பொருள் என்னிடம் என்ன கேட்கிறது. நான்கையும் அந்தத் தளத்துக்கு வெளியே நின்று சரிபார்க்க முடியும்.

முதலில், உலாவியில் தள முகவரிக்குப் பக்கத்தில் தெரியும் பூட்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பல ஆண்டுகளாக "பூட்டுப் படம் இருந்தால் நம்பலாம்" என்று பாடம் சொல்லிக் கொடுத்துவிட்டோம். அந்தப் பூட்டு சொல்வது ஒன்றே ஒன்று: உங்கள் கணினிக்கும் அந்தத் தளத்துக்கும் நடுவே போகும் செய்தியை வழியில் யாரும் படிக்க முடியாது. அந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவர் யோக்கியரா என்பதை அது சொல்லவே இல்லை. 2015 இறுதியில் லெட்ஸ் என்கிரிப்ட் என்ற அமைப்பு இந்தச் சான்றிதழை இலவசமாகக் கொடுக்கத் தொடங்கியது. நல்ல காரியம்தான், ஆனால் திருடனுக்கும் அது இலவசமே. கூகுள் நடத்திய ஆய்வில் பூட்டின் சரியான பொருள் தெரிந்தவர்கள் 11 விழுக்காட்டினர் மட்டுமே. 2023 செப்டம்பரில் குரோம் உலாவியிலிருந்து அந்தப் படத்தையே எடுத்துவிட்டார்கள்.

பூட்டை விட முகவரி பயனுள்ளது, வாசிக்கத் தெரிந்தால். நம் அடையாளக் கார்டை எடுத்துப் பாருங்கள். பெயர், பிறகு 'மகன்' என்று பொருள்படும் ஏ/எல், அதன் பிறகு அப்பா பெயர். முன்னால் வரும் பெயர் ஊரில் பத்துப் பேருக்கு இருக்கும். ஏ/எல்லுக்குப் பின்னால் இருப்பதை வைத்துத்தான் எந்த வீட்டுப் பிள்ளை என்று சொல்ல முடியும். இணைய முகவரியும் அப்படியே. முதல் ஒற்றைச் சாய்கோட்டைக் கண்டுபிடித்து, அங்கிருந்து இடது பக்கமாகப் பின்னோக்கி வாசிக்க வேண்டும். வருமான வரி வாரியத்தின் முகவரி ஹாசில் டாட் கவ் டாட் எம்ஒய் என்று முடிகிறது. எஸ்டிஆர் உதவித்தொகைப் பக்கம் அதற்கு முன்னால் 'பந்துவான் துனாய்' என்ற சொற்களைச் சேர்த்துக்கொண்டிருக்கிறது. அதுவும் அதே அப்பாவின் பிள்ளைதான். கவ் டாட் எம்ஒய் என்ற முடிவு மலேசிய அரசு அமைப்புகளுக்கு மட்டுமே கிடைக்கும். 'ஹாசில்', 'கவ்', 'எம்ஒய்' மூன்றையும் இடையில் கோடு போட்டு ஒட்டி, கடைசியில் டாட் காம் என்று முடித்தால் அது வேறு வீடு. சில வெள்ளி கொடுத்தால் யாரும் வாங்கலாம். இடது பக்கத்தில் எத்தனை பெரிய பெயர் இருந்தாலும் அது பிள்ளைக்கு வைத்த பெயர். பிரதமர் பெயரைக்கூட வைக்கலாம்.

இன்னொரு எடுத்துக்காட்டு. கோப்புகளைச் சுருக்கவும் விரிக்கவும் உதவும் செவன்-ஜிப் மென்பொருளை ரஷ்ய நிரலாளர் இகோர் பாவ்லோவ் 1999 முதல் இலவசமாகக் கொடுத்து வருகிறார். அவருடைய முகவரியில் ஏழுக்கும் ஜிப்புக்கும் நடுவே ஒரு கோடு உண்டு, முடிவு ஓஆர்ஜி. கோடு இல்லாமல் டாட் காம் என்று முடியும் முகவரி அவருடையது அல்ல. எத்தனை பேர் இந்த ஒரு கோட்டைக் கவனிப்பார்கள்? அதனால் நான் முகவரியை ஞாபகத்திலிருந்து அடிப்பதில்லை. விக்கிப்பீடியாவில் அந்த மென்பொருளின் பக்கத்தைத் திறந்து, அதில் உள்ள அதிகாரபூர்வத் தள இணைப்பைப் பார்த்து, வேறொரு இடத்திலும் ஒப்பிட்டுவிட்டுத்தான் போகிறேன். இரண்டு நிமிட வேலை.

ஏன் நேரே கூகுளில் தேடிப் போகக்கூடாது என்று கேட்கலாம். தேடலாம். ஆனால் மேலே முதலில் நிற்பது பல சமயம் தேடலின் விடை இல்லை, காசு கொடுத்து வாங்கிய விளம்பரம். பிரபலமான மென்பொருளின் பெயரில் விளம்பரம் வாங்கி, அச்சு அசலாக அதே போன்ற பக்கத்தைக் காட்டி, நச்சு நிரலை இறக்க வைப்பது தனித் தொழிலாகவே நடக்கிறது. 2022 டிசம்பரில் அமெரிக்காவின் எஃப்பிஐ இதைப் பற்றிப் பொது எச்சரிக்கை விட்டபோது, இணையத்தில் தேடும்போது விளம்பரத் தடுப்பான் வைத்துக்கொள்ளுங்கள் என்றே சொன்னது. ஒரு நாட்டின் புலனாய்வுத் துறை விளம்பரத்தைத் தடுங்கள் என்று சொல்லும் அளவுக்கு வந்திருக்கிறது. 'யார் அனுப்பினா' என்ற கேள்விக்கு 'விளம்பரம்' என்று பதில் வந்தால், பின்வாங்கி வேறு வழியாகப் போவதே என் வழக்கம்.

எல்லா மென்பொருளையும் ஒரே இடத்தில் அடுக்கி வைத்திருக்கும் தளங்கள் தனி ரகம். அவை எல்லாமே திருட்டுத் தளங்கள் இல்லை. ஆனால் செய்தவர் ஒருவர், விற்பவர் இன்னொருவர் என்ற நிலையில், நடுவே பொட்டலத்தைப் பிரித்து எதையாவது சேர்க்க இடம் உண்டு. சோர்ஸ்ஃபோர்ஜ் ஒரு காலத்தில் திறமூல உலகமே நம்பிய இடம். 2015இல் அங்கே ஜிம்ப் என்ற படத்தொகுப்பு மென்பொருளோடு விளம்பர நிரல்களைச் சேர்த்துக் கட்டிக் கொடுத்தார்கள். ஜிம்ப் குழுவினர் அதற்கு முன்பே அங்கிருந்து வெளியேறியிருந்தார்கள். 2016இல் உரிமையாளர் மாறியதும் அந்தப் பழக்கத்தை நிறுத்தினார்கள். இது போன்ற தளங்களில் இன்னொரு தொல்லை, பக்கத்தில் நான்கு டவுன்லோட் பொத்தான் இருக்கும். பெரிதாகப் பச்சையில் இருக்கும் மூன்றும் விளம்பரம். எது உண்மையான பொத்தான் என்று தேட வேண்டியிருந்தால் நான் அந்தப் பக்கத்தை மூடிவிடுகிறேன்.

செயலாளர் மகன் இறக்கிய ஃபைலுக்கு வருவோம். கேட்டது எழுத்துரு. எழுத்துரு என்றால் ஃபைல் பெயர் டிடிஎஃப் அல்லது ஓடிஎஃப் என்று முடிய வேண்டும். பழைய தமிழ் எழுத்துரு ஒன்று சில பத்துக் கிலோபைட்டில் அடங்கிவிடும். பென்டிரைவில் இருந்ததோ சில மெகாபைட் கனத்தில், எக்ஸ்இ என்று முடியும் ஃபைல். வாழைப்பழம் கேட்டவனுக்குப் பூட்டிய பெட்டியைக் கொடுத்து "உள்ளே பழம் இருக்கு, திற" என்றால் எப்படி? எக்ஸ்இ என்பது கணினியில் ஓடக்கூடிய நிரல்; ஓடிவிட்டால் அதன் இஷ்டம். இதைக்கூடப் பலர் பார்க்க முடியாமல் போவதற்குக் காரணம், விண்டோஸ் ஃபைலின் வால் பெயரை வழக்கமாக மறைத்து வைத்திருப்பது. 'நோட்டீஸ் டாட் பிடிஎஃப் டாட் எக்ஸ்இ' என்று ஒருவன் பெயர் வைத்தால் திரையில் 'நோட்டீஸ் டாட் பிடிஎஃப்' என்றுதான் தெரியும். கடைக்கு வரும் எந்தக் கணினியிலும் நான் முதலில் செய்வது, அந்த மறைப்பை எடுத்துவிடுவது.

எழுத்துரு என்றாலே ஆபத்தில்லை என்றும் சொல்லிவிட முடியாது. 2011இல் வெளிப்பட்ட டுக்கு என்ற உளவு நிரல், வேர்ட் ஆவணத்துக்குள் வைத்த எழுத்துரு வழியாகவே விண்டோசுக்குள் நுழைந்தது. அந்த ஓட்டையை மைக்ரோசாஃப்ட் அடைத்துவிட்டது. விண்டோஸ் அப்டேட்டைத் தள்ளிப் போட்டுக்கொண்டே இருப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன்.

இனி, அச்சுத் தொழிலில் இருப்பவன் பேச வெட்கப்படும் விஷயம். இரண்டாயிரத்துகளில் பசார் மாலாம் என்ற இரவுச் சந்தையில் எந்த மென்பொருளும் திருட்டு சிடியில் மலிவாகக் கிடைக்கும். சின்ன ஊர்க் கடைகளில் பாதி அப்படித்தான் தொழில் கற்றன, நானும் விலக்கில்லை. இன்று அந்த இடத்தில் 'கிராக்' தளங்கள். அங்கே இறக்கும் ஜிப் ஃபைலுக்குப் பெரும்பாலும் கடவுச்சொல் இருக்கும், கடவுச்சொல்லைப் பக்கத்திலேயே எழுதியும் வைத்திருப்பார்கள். ஊருக்கே தெரிந்த சாவிக்கு எதற்குப் பூட்டு? பூட்டினால் வைரஸ் தடுப்பு நிரல் உள்ளே எட்டிப் பார்க்க முடியாது, அதற்குத்தான். அடுத்து ஒரு குறிப்பு வரும்: இன்ஸ்டால் செய்யும் முன் ஆன்டிவைரஸை நிறுத்திவிடுங்கள், அது வீணாகக் கூச்சல் போடும். காவலுக்கு நிற்கும் ஜாகாவை வீட்டுக்கு அனுப்பிவிட்டு கேட்டைத் திறந்து வை என்று சொல்கிறவன் எதற்காக வருகிறான்? கிராக் என்ற தொழிலே மென்பொருளை உடைத்து மாற்றுவதுதான்; கூடவே வேறு எதையும் மாற்றினானா என்று பார்க்க நமக்கு வழியே இல்லை. இந்த ஒரு வகையை மட்டும் நான் எடை போட்டுப் பார்ப்பதே இல்லை.

மற்றவற்றுக்கு எடை போடும் கருவிகள் உண்டு. நிரலை ஓட்டும்போது விண்டோஸ் அனுமதி கேட்கும் அல்லவா, அந்தப் பெட்டியின் தலைப்பு நீலமாக இருந்தால் வெளியீட்டாளர் மின்கையொப்பம் இட்டிருக்கிறார், பெயரும் தெரியும். மஞ்சளாக இருந்தால் யார் என்று தெரியாது. இதையும் வேதவாக்காக எடுக்க வேண்டாம். மேலே சொன்ன செவன்-ஜிப் நீண்ட காலமாகக் கையொப்பம் இல்லாமலே வந்தது. மஞ்சள் பெட்டிதான் வரும், பொருள் நல்லது. திருடிய கையொப்பத்தோடு நீலப் பெட்டியில் வந்த நச்சு நிரல்களும் உண்டு. பெட்டியில் உள்ள பெயர் நாம் தேடி வந்தவரின் பெயர்தானா என்று பார்ப்பதே அதன் பயன்.

வைரஸ்டோட்டல் என்ற தளம் 2004இல் ஸ்பெயினில் தொடங்கியது, 2012 முதல் கூகுள் கையில் இருக்கிறது. ஒரு ஃபைலைக் கொடுத்தால் எழுபதுக்கு மேற்பட்ட வைரஸ் தடுப்பு நிரல்கள் அதை என்ன சொல்கின்றன என்று காட்டும். ஒன்றிரண்டு மட்டும் சிவப்பானால் தவறான சந்தேகமாக இருக்கலாம். பத்துப் பதினைந்து சிவப்பானால் பேச்சே இல்லை. ஆனால் முழுக்கப் பச்சையாக இருந்தால் நல்லது என்று அர்த்தமில்லை. இன்று காலை செய்த நச்சு நிரல் இன்னும் யாருக்கும் தெரிந்திருக்காது. இன்னொன்று, அங்கே ஏற்றும் ஃபைலை மற்ற ஆய்வாளர்களும் எடுத்துப் பார்க்க முடியும். ஐசி நகல், சம்பளச் சிலிப் போன்றவற்றை அங்கே ஏற்றிவிடாதீர்கள்.

இவ்வளவு பார்த்த பிறகும் ஏமாற வாய்ப்பு இருக்கிறது. 2016 பிப்ரவரி 20 அன்று லினக்ஸ் மின்ட் என்ற இலவச இயங்குதளத்தின் தளத்துக்குள் புகுந்த ஒருவர், இறக்கும் இணைப்பை மாற்றித் தன் ஃபைலைக் காட்டிவிட்டார். ஃபைல் கலப்படமாகவில்லை என்று நாம் சரிபார்ப்பதற்காக, மென்பொருளைச் செய்தவர்கள் வெளியிடும் நீண்ட எண்ணெழுத்துக் கோவைக்குக் கைரேகை போன்ற பயன் உண்டு. ஆனால் ஃபைலும் கைரேகையும் ஒரே வீட்டில் இருந்தால், வீட்டுக்குள் புகுந்தவன் இரண்டையும் மாற்ற முடியும். 2017இல், கணினியைச் சுத்தம் செய்யும் சிகிளீனர் என்ற மென்பொருளின் கதை அதைவிட மோசம். சரியான தளம், சரியான நிறுவனம், செல்லுபடியாகும் கையொப்பம், ஆனால் 5.33 பதிப்புக்குள் பின்கதவு. செய்கிறவர்களின் பட்டறைக்குள்ளேயே யாரோ புகுந்திருந்தார்கள். 22 லட்சத்துக்கும் அதிகமான கணினிகளில் அந்தப் பதிப்பு ஏறியது. அப்படிப்பட்டதை நம் ஊர்க் கடையில் உட்கார்ந்து யாராலும் கண்டுபிடித்திருக்க முடியாது. அதனால் நான் இப்போதெல்லாம் "பாதுகாப்பானது" என்று யாருக்கும் சொல்வதில்லை. "இதில் எனக்குச் சந்தேகம் வரவில்லை" என்பதுதான் நான் கொடுக்கும் அதிகபட்சச் சான்றிதழ்.

கணினியைப் பற்றி இவ்வளவு எழுதினாலும், எங்கள் ஊரில் உண்மையில் காசு போவது கைப்பேசி வழியாகத்தான். செம்பனைத் தோட்டத்தில் வேலை செய்கிறவர் வீட்டில் கணினி இருக்காது. வங்கி முழுக்கக் கைப்பேசியில் இருக்கும்.

ஆண்ட்ராய்டு கைப்பேசியில் செயலியை நிறுவும் ஃபைலுக்கு ஏபிகே என்று பெயர். பிளே ஸ்டோருக்கு வெளியே இருந்து வரும் ஏபிகேயை ஏற்ற, 2017இல் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல், எந்தச் செயலி வழியாக அது வருகிறதோ அதற்குத் தனியாக அனுமதி கொடுக்க வேண்டும். வாட்ஸ்அப்பில் வந்த ஃபைலைத் தட்டியதும் 'அறியப்படாத செயலிகளை நிறுவ அனுமதிக்கவா' என்று கேட்டால், கேட்டுக்கு வெளியே ஆள் நிற்கிறான் என்று பொருள். கல்யாணப் பத்திரிகை என்ற பெயரில் வரும் ஏபிகேக்களைப் பற்றி மலேசியப் போலீஸ் எச்சரித்திருக்கிறது. பத்திரிகை என்பது படம் அல்லது பிடிஎஃப். அதைப் பார்க்க ஒரு செயலியை ஏற்ற வேண்டிய தேவையே கிடையாது. அனுப்பியது சொந்தச் சித்தப்பா என்பதும் ஆறுதல் இல்லை. அவர் கைப்பேசி முதலில் பறிபோய், அங்கிருந்து அவர் பெயரில் எல்லாருக்கும் போயிருக்கலாம்.

உள்ளே என்ன நடக்கிறது என்பதை 2022 ஏப்ரலில் வைரஸ் தடுப்பு நிரல் செய்யும் ஈசெட் நிறுவனம் வெளியிட்ட ஆய்வு விளக்கமாகக் காட்டியது. குறி முழுக்க மலேசியா. வீடு சுத்தம் செய்யும் சேவை என்று ஃபேஸ்புக்கில் விளம்பரம். தளத்துக்குப் போனால் பிளே ஸ்டோர் போலவே ஒரு பொத்தான். தட்டினால் பிளே ஸ்டோருக்குப் போகாமல் ஏபிகே இறங்கும். செயலியில் சேவையைத் தேர்ந்தெடுத்து, பணம் கட்டும் இடத்தில் எட்டு மலேசிய வங்கிகளின் பட்டியல் வரும். உங்கள் வங்கியைத் தட்டி, பயனர் பெயரும் கடவுச்சொல்லும் கொடுத்தால் 'தவறு, மீண்டும் முயலுங்கள்' என்று சொல்லும். அதற்குள் இரண்டும் அவர்கள் கைக்குப் போய்விட்டன. மிச்சம் இருந்தது வங்கி அனுப்பும் ஓடிபி என்ற ஒருமுறைக் கடவுச்சொல். அதற்காகத்தான் செயலி ஆரம்பத்திலேயே எஸ்எம்எஸ் படிக்க அனுமதி வாங்கி வைத்திருந்தது. வரும் குறுஞ்செய்தியை எல்லாம் சத்தமில்லாமல் அவர்களுக்குத் தள்ளிவிட்டது.

'என்ன கேட்கிறது' என்ற கடைசிக் கேள்வியின் பலம் இங்கேதான். வீடு கூட்ட வருகிறவருக்கு நம் தபாலைப் பிரித்துப் படிக்க எதற்கு அனுமதி? குறுஞ்செய்தி, அறிவிப்புகள், 'அணுகல் வசதி' என்ற அக்சஸிபிலிட்டி ஆகியவற்றைக் கேட்டால் கவனம். அக்சஸிபிலிட்டி பார்வை இல்லாதவர்களுக்காக ஏற்பட்ட நல்ல வசதி. அதைக் கொடுத்தால் செயலி திரையைப் படிக்கும், நமக்குப் பதிலாகத் தொடவும் செய்யும். 2024 பிப்ரவரியில் கூகுள், சிங்கப்பூர் அரசின் இணையப் பாதுகாப்பு முகமையோடு சேர்ந்து, வெளியிலிருந்து ஏற்றும் செயலி இந்த அனுமதிகளைக் கேட்டால் தானாகவே தடுக்கும் சோதனையைத் தொடங்கியது இதனால்தான். நம் பக்கம், 2022 செப்டம்பரில் மத்திய வங்கியான பேங்க் நெகாரா மற்ற வங்கிகளை எஸ்எம்எஸ் ஓடிபியிலிருந்து விலகச் சொன்னது. ஒரு கணக்குக்கு ஒரே கைப்பேசி, முதல் முறை பதிவு செய்தால் காத்திருப்பு நேரம் என்றெல்லாம் கட்டுப்பாடு வந்தது. "இந்த பேங்க் ஆப்பு ரொம்பத் தொல்லை தம்பி, புதுப் போன்ல உடனே காசு போகமாட்டேங்குது" என்று கடையில் புலம்புகிறவர்களுக்கு நான் சொல்லும் பதில் இந்தக் கதைதான்.

ஏற்கெனவே ஏற்றிவிட்டவருக்கு: முதலில் கைப்பேசியின் இணையத்தையும் சிம்மையும் துண்டியுங்கள், ஏர்பிளேன் மோட் போதும். வேறொரு போனிலிருந்து வங்கியின் மோசடித் தொடர்பு எண்ணுக்கு அல்லது 997க்கு அழையுங்கள். 997, தேசிய மோசடி எதிர்நடவடிக்கை மையத்தின் எண்; 2022 அக்டோபரில் தொடங்கியது. கடவுச்சொற்களை வேறு கருவியிலிருந்து மாற்றி, போலீஸ் புகார் கொடுங்கள். கைப்பேசியில் முக்கியமானதை எடுத்து வைத்துக்கொண்டு ஃபேக்டரி ரீசெட் செய்வதே நல்லது. வெட்கப்பட்டு நாளை சொல்லலாம் என்று படுத்தால், காலையில் கணக்கில் ஒன்றும் மிஞ்சியிருக்காது.

செயலாளரின் நோட்டீஸுக்குக் கடைசியில் எதையும் இறக்கவே தேவைப்படவில்லை. அரைப்புள்ளி விழுந்திருந்த இடங்களை வைத்து அது பாமினி எழுத்துரு என்று பிடித்துவிட்டேன். உலாவியிலேயே ஒட்டி யூனிகோடாக மாற்றும் பக்கங்கள் இருக்கின்றன. இன்ஸ்டால் ஒன்றும் கிடையாது. ஒட்டுவதற்கு முன் உபயக்காரர்களின் தொலைபேசி எண்களை மட்டும் வெட்டி எடுத்து வைத்தேன், அந்தப் பக்கம் யார் கைக்குப் போகிறது என்று எனக்கும் தெரியாதே. மாறாமல் போன நாலைந்து பெயர்களைத் தட்டினேன். தமிழ் 99 விசைப்பலகை 2019 முதல் விண்டோஸ் 10இலேயே உள்ளது. தட்டச்சு மென்பொருள் தேடி அலையும் காலமும் போய்விட்டது.

அச்சடித்த நோட்டீஸைக் கையில் வாங்கிய செயலாளர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "எல்லாம் சரிதான். எழுத்து பழைய மாதிரி தடிமனா இல்லையே தம்பி, கமிட்டில கேப்பாங்களே" என்றார். மகன் இறக்கிய ஃபைலை அவர் எதிரிலேயே அழித்தேன். பென்டிரைவை அவர் மறக்காமல் எடுத்துக்கொண்டு போனார்.